ஒரு முகம், எண்பது ஆண்டுகள்

நுழையும்முன்

திரைப்படம் முடிந்து வெளியே வரும்போது நாயகன், நாயகியின் பெயர்களை நாம் சொல்லிவிடுகிறோம். வாயிலில் நின்றவர், கடைவீதியில் இடித்துச் சென்றவர், ஒரே ஒரு வசனம் பேசி மறைந்தவர் ஆகியோரின் பெயர்கள் நமக்குத் தெரிவதில்லை. ஆயினும் அவர்கள் இல்லையேல் கதை நடக்கும் ஊரை நாம் நம்பியிருக்க மாட்டோம். அத்தகைய நடிகர் ஒருவரின் எண்பது ஆண்டுக் கலைவாழ்வைத் தம் அனுபவத்தோடு இணைத்துப் பார்க்கிறது இக்கட்டுரை.

வேலேந்திய காவலன்

நான் பதினொன்றாம் வகுப்பு பயின்ற ஆண்டில் எங்கள் பள்ளி ஆண்டு விழாவிற்கு வரலாற்று நாடகம் ஒன்றை அரங்கேற்றினோம். அரசன் வேடம் எனக்கே கிடைக்கும் என்று உறுதியாக நம்பியிருந்தேன். அரசனுக்குரிய நீண்ட வசனங்களை மனப்பாடமும் செய்து வைத்திருந்தேன். வேடங்களைப் பிரித்துக் கொடுத்த நாளில் தமிழாசிரியர் ஐயா என் பெயருக்கு நேரே ‘வாயிற்காவலன்’ என்று எழுதினார். எனக்குரிய வசனம் ஒன்றே ஒன்றுதான்: “அரசே, தூதர் வந்திருக்கிறார்.”

ஒத்திகை நடந்த நாள்களிலெல்லாம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே நின்றேன். ஐயா அதைக் கவனித்திருக்க வேண்டும். ஒரு மாலைப்பொழுதில் என்னை அருகே அழைத்து, “தம்பி, திரை விலகியதும் அவையோர் முதலில் காண்பது உன்னைத்தான். அந்த அரண்மனை எப்படிப்பட்டது என்பதை நீ நிற்கும் நிலையைக் கொண்டுதான் அவர்கள் தெரிந்துகொள்வார்கள்” என்றார். என்னை ஆற்றுவதற்காகச் சொல்கிறார் என்றே எண்ணினேன்.

விழா நாளில் அட்டையால் செய்த வேலை ஏந்தியபடி, அரசனாக நடித்த நண்பனுக்குக் கிடைக்கப்போகும் கைதட்டலை எண்ணிப் பொருமிக்கொண்டிருந்தேன். என் வசனத்திற்குரிய நொடி வந்தது, நான் கவனிக்கவில்லை. தூதனாக நடித்த மாணவன் திரைக்குப் பின்னே காத்திருந்தான். அரசன் என்னைப் பார்த்தான். அமைச்சர் என்னைப் பார்த்தார். அவை முழுவதும் என்னைப் பார்த்தது. அப்போது எழுந்த சிரிப்பொலி இன்றும் என் காதில் இருக்கிறது. நாடகம் அந்த இடத்தில் அறுந்த பிறகு மீண்டும் ஒட்டவேயில்லை. ஐயா என்னைக் கடிந்துகொள்ளவில்லை. கடிந்துகொண்டிருந்தால் நான் அதை எளிதில் மறந்திருப்பேன்.

இருட்டில் கண்ட முகம்

கல்லூரிக் காலத்தில் திரைப்படச் சங்கம் ஒன்றில் உறுப்பினராக இருந்தேன். அங்கேதான் ‘காசாபிளாங்கா’ என்னும் அமெரிக்கப் படத்தை முதன்முதலாகப் பார்த்தேன். 1942-ஆம் ஆண்டு வெளிவந்த படம் அது. இரண்டாம் உலகப்போரின்போது ஐரோப்பாவிலிருந்து தப்பிய மக்கள், அமெரிக்கா செல்வதற்கான அனுமதித் தாள்களுக்காக வட ஆப்பிரிக்காவின் காசாபிளாங்கா நகரில் காத்துக் கிடக்கிறார்கள். அந்தக் காத்திருப்பின் நடுவே மலரும் காதலும் தியாகமும்தான் கதை. ஹம்ஃப்ரி போகார்ட்டும் இங்கிரிட் பெர்க்மனும் நாயக நாயகியர்.

படம் தொடங்கிச் சில நிமிடங்களில் ஒரு காட்சி வருகிறது. காவலர்கள் தெருவில் அகதிகளை வளைத்துப் பிடிக்கிறார்கள். உணவகத்தின் வெளியே அமர்ந்திருக்கும் ஆங்கிலேயத் தம்பதியர் நடப்பது புரியாமல் திகைக்கின்றனர். கரிய கண்களும் ஒடுங்கிய முகமும் கொண்ட ஒருவர் அவர்களை நெருங்கி, நடப்பதைப் பணிவோடு விளக்குகிறார். இந்நகரில் கழுகுகள் மிகுதி, விழிப்பாக இருங்கள் என்று பரிவோடு எச்சரிக்கிறார். எச்சரித்துக்கொண்டே அந்த ஆங்கிலேயரின் பணப்பையை எடுத்துக்கொண்டு போய்விடுகிறார்!

அரங்கமே சிரித்தது, நானும் சிரித்தேன். பின்னர் ஒரு காட்சியில் அவரே விடுதிக்குள் பணியாளர் ஒருவர்மீது மோதிவிட்டு மன்னிப்புக் கேட்டு நகர்கிறார். பணியாளரோ திடுக்கிட்டுத் தம் சட்டைப்பைகளைத் தடவிப் பார்த்துக்கொள்கிறார். அவ்வளவுதான் அவருடைய பங்கு. 102 நிமிடப் படத்தில் அவர் தோன்றும் நேரத்தைக் கூட்டினால் ஓரிரு நிமிடங்கூட வராது. நடிகர் பட்டியலில் அவர் பெயரும் இல்லை. ஆயினும் அந்த இரு காட்சிகளில் அந்நகரின் இயல்பு முழுவதும் நமக்குத் தெரிந்துவிடுகிறது. யாரையும் நம்ப முடியாத இடம் அது. இரக்கங்கூட அங்கே ஒரு தந்திரமாக இருக்கலாம்.

பல ஆண்டுகளுக்குப் பிறகு அதே சங்கத்தில், விம் வெண்டர்ஸ் இயக்கிய ஜெர்மானியப் படமொன்றைப் பார்த்தேன். ‘பெர்லின் மீதான வானம்’ என்பது அதன் ஜெர்மன் தலைப்பின் பொருள். உலகெங்கும் ‘விங்ஸ் ஆஃப் டிசையர்’ என்று அறியப்படுவது. 1987-இல் வெளிவந்த அப்படத்தில் தள்ளாத முதியவர் ஒருவர் நூலகப் படிக்கட்டில் மூச்சு வாங்க ஏறுகிறார். அவர் திரும்பிப் பார்த்தபோது, அந்தக் கண்களை எங்கோ பார்த்திருக்கிறேன் என்று தோன்றியது. படம் முடிந்து பெயர்கள் ஓடியபோது காத்திருந்து படித்தேன்: கூர்ட் போய்ஸ். வீடு திரும்பியதும் தேடிப் படிக்கத் தொடங்கினேன். காசாபிளாங்காவில் பணப்பையைத் திருடியவர் அவரேதான். அவருடைய திரைவாழ்வு 1907-இல் தொடங்கியது என்று அறிந்தபோது, ஆண்டு தவறாக அச்சாகியிருக்குமோ என்றுகூட ஐயுற்றேன்.

ஆறு வயதில் தொடங்கிய பயணம்

கூர்ட் போய்ஸ் 1901 ஏப்ரல் 5-ஆம் நாள் பெர்லினில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். சினிமா என்னும் கலையே அப்போது ஆறு வயதுக் குழந்தைதான். லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் கட்டணம் பெற்று மக்களுக்குப் படம் காட்டியது 1895-இல். போய்ஸ் தம் ஆறாம் வயதில், 1907-இல், முதன்முதலாகக் கேமராவின் முன் நின்றார். பேசாத, சில நிமிடங்களே ஓடுகின்ற படங்களின் காலம் அது. லியோ ஃபால் இசையமைத்த இசைநாடகம் ஒன்றில் உழவர் வீட்டுச் சிறுவனாக மேடையேறிப் பெர்லின் மக்களின் அன்பையும் பெற்றார்.

குழந்தை நட்சத்திரங்கள் பலர் வளர்ந்ததும் மறக்கப்படுகிறார்கள். போய்ஸ் அந்த வாயிலைக் கடந்து சென்றார். ஆடினார், பாடினார், கேலிப் பாட்டரங்குகளில் மக்களைச் சிரிக்க வைத்தார். 1919-இல் ஏர்ன்ஸ்ட் லூபிட்ச் இயக்கிய ‘ஆய்ஸ்டர் பிரின்சஸ்’ என்னும் மௌனப் படத்தில் அவருக்குக் கிடைத்தது ஓர் இசைக்குழு நடத்துநர் வேடம். பெரும் பணக்காரர் ஒருவரின் வீட்டுத் திருமணத்தில் ஆட்டம் தொற்றுநோய்போலப் பரவுகிறது. விருந்தினர் ஆடுகின்றனர், சமையலறையில் பணியாளர் ஆடுகின்றனர். இந்தக் கூத்துக்கெல்லாம் தாளம் போடும் நடத்துநராகப் போய்ஸ் தம் இடுப்பை வளைத்து, உடல் முழுவதையும் இசைக்கருவியாக்கி நிற்கிறார். படத்தில் ஒலியில்லை. ஆயினும் அவருடைய உடலைப் பார்த்தால் இசை கேட்கிறது. அவருக்கு அப்போது அகவை பதினெட்டு.

குணச்சித்திர நடிகரின் கலை இத்தகையது. நாயகனுக்குத் தன்னை வெளிப்படுத்தப் படம் முழுவதும் இடமுண்டு. சிறு வேடம் ஏற்பவருக்கோ நுழைவதற்கும் விடைபெறுவதற்கும் இடைப்பட்ட சில நொடிகளே உண்டு. அந்நொடிகளுக்குள் அம்மனிதர் எங்கிருந்து வருகிறார், என்ன தொழில் செய்கிறார், எதற்கு அஞ்சுகிறார் என்பவற்றைப் பார்வையாளர் உணர வேண்டும். வசனம் அதற்குப் போதாது. நடையும் தோளும் விரலும் பேச வேண்டும். போய்ஸுக்கு அக்கல்வி பேசாப் படங்களிலேயே வாய்த்துவிட்டது.

களவுபோன சிரிப்பு

1920-களில் பெர்லின் நாடக மேடைகளில் அவர் பெரும்புகழ் பெற்றார். பெண் வேடமிட்டுச் சிரிப்பூட்டுவதில் அவருக்கு நிகர் அரிது. ‘சார்லியின் அத்தை’ என்னும் நகைச்சுவை நாடகம் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. 1927-இல் வெளிவந்த ‘டெர் ஃபூர்ஸ்ட் ஃபோன் பாப்பன்ஹைம்’ என்னும் படத்திலும் அவர் பெண்ணுடை அணிந்து நடித்து மக்களை மகிழ்வித்தார்.

1933 ஜனவரியில் ஹிட்லர் ஆட்சிப் பொறுப்பேற்றார். நாடக அரங்குகளிலிருந்தும் படக் கூடங்களிலிருந்தும் யூதக் கலைஞர்கள் வெளியேற்றப்பட்டனர். நேற்றுவரை கைதட்டிய நகரத்தில் இன்று நிற்க இடமில்லை. போய்ஸ் நாட்டை விட்டு நீங்கினார். 1934-இல் அமெரிக்கா போய்ச் சேர்ந்தார்.

அதன்பின் நடந்ததைப் படித்தபோது என் நெஞ்சு கனத்தது. யூதர்மீது வெறுப்பைத் தூண்டுவதற்காக நாட்சி அரசு 1940-இல் ஒரு பரப்புரைப் படத்தை வெளியிட்டது. அதில் போய்ஸ் பெண்ணுடையில் நடித்த பழைய படத்தின் காட்சித்துண்டு ஒன்றைச் சேர்த்தனர். ஒரு நகைச்சுவை நடிகர் மக்களைச் சிரிக்க வைப்பதற்காகச் செய்ததை வெட்டியெடுத்து, இந்த இனத்தாரின் சீரழிவைப் பாருங்கள் என்று காட்டினர். பீட்டர் லோரி என்னும் நடிகர் கொலைகாரனாக நடித்த காட்சியையும் அவ்வாறே பயன்படுத்தினர். வேடத்தையும் மனிதரையும் ஒன்றாகக் காட்டுவது அவர்கள் கையாண்ட சூழ்ச்சி.

ஒருவரின் வீட்டைப் பறிக்கலாம், தொழிலைப் பறிக்கலாம். அவர் பிறருக்கு அளித்த சிரிப்பையும் பறித்து அவருக்கெதிராகவே கருவியாக்க முடியும் என்று நான் அதுவரை எண்ணிப் பார்த்ததில்லை. படக்காட்சி ஒன்றை அது தோன்றிய இடத்திலிருந்து வெட்டி வேறோரிடத்தில் ஒட்டினால் அதன் பொருளே திரிந்துபோகும். ஒரு நிமிடக் காட்சித்துண்டுகள் கைக்குக் கை பரவும் இந்நாளில், நாம் அனைவரும் அறிந்திருக்க வேண்டிய பாடம் இது.

ஏதிலிகளின் மேடை

அமெரிக்காவில் போய்ஸ் முதலில் நியூயார்க் மேடைகளிலும் பின்னர் ஹாலிவுட்டிலும் வாய்ப்புத் தேடினார். ஒரு நகைச்சுவை நடிகருக்கு மொழியே உயிர். சொல்லின் இரட்டைப் பொருள், உச்சரிப்பில் சிறு குழைவு, ஒரு நொடி மௌனம் ஆகியவற்றில்தான் சிரிப்பு பிறக்கிறது. பெர்லின் பேச்சுவழக்கில் தலைசிறந்து விளங்கியவர், முப்பது வயதைக் கடந்தபின் அயல்மொழியில் தொடங்க வேண்டியிருந்தது. பெர்லின் மேடையில் நாயகராக நின்றவருக்கு இப்போது கிடைத்தவை, அயல்நாட்டு உச்சரிப்புத் தேவைப்படும் சிறுசிறு வேடங்களே. அவற்றை மறுக்காமல் ஏற்றார். சில படங்களில் பெயர் வந்தது, சிலவற்றில் வரவில்லை.

காசாபிளாங்காவை இந்தச் செய்திகளோடு மீண்டும் பார்த்தேன். முதன்முறை சிரித்த இடத்தில் இப்போது சிரிக்க முடியவில்லை. தெருவில் அகதிகளைத் துரத்தும் காட்சியில் நின்று, அகதிகளைக் கொள்ளையடிக்கும் கழுகாக நடிப்பவர் தாமே ஓர் அகதி. அவர் மோதிச் செல்லும் விடுதிப் பணியாளராக நடித்த எஸ். இசட். சகால், புடாபெஸ்ட்டில் பிறந்து நாட்சிகளுக்கு அஞ்சி வெளியேறிய யூதர். சூதாட்ட மேசையில் நிற்கும் மார்செல் டாலியோ, பாரிஸை விட்டுத் தப்பி வந்தவர். பிரான்சில் பெரிய வேடங்களில் நடித்துப் புகழ் பெற்றவர். நாட்சி அதிகாரியாக நடித்த கான்ராட் வைட், 1933-இல் யூத மனைவியோடு ஜெர்மனியை விட்டு நீங்கியவர். இயக்குநர் மைக்கேல் கர்ட்டிஸும் ஹங்கேரியில் பிறந்தவரே. பெயர் குறிக்கப்பட்ட நடிகர்களுள் அமெரிக்காவில் பிறந்தவர்கள் மூவர் மட்டுமே.

விடுதியில் ஜெர்மானிய வீரர்களின் பாட்டை மறித்து அகதிகள் எழுந்து பிரெஞ்சு நாட்டுப்பண்ணைப் பாடும் காட்சி புகழ்பெற்றது. அக்கூட்டத்தில் நின்றவர்கள் பலர் உண்மையாகவே நாடிழந்தவர்கள். அந்த முகங்களை நான் முதன்முறை பார்க்கவேயில்லை. நாயகனை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தேன். பெரிய கதையைத் தாங்கி நிற்பவர்கள் பின்வரிசையில் இருக்கிறார்கள் என்பதை அன்று கண்டேன். அட்டைவேல் ஏந்தி நின்ற பதினாறு வயதுச் சிறுவன் ஒருகணம் நினைவுக்கு வந்தான்.

திரும்பி வந்த வீடு

போர் முடிந்தது. போய்ஸின் நண்பர்கள் சிலர் அமெரிக்காவிலேயே தங்கினர். அவர் 1950-இல் பெர்லினுக்குத் திரும்பினார். தம்மைத் துரத்திய நகருக்கு ஏன் திரும்ப வேண்டும் என்னும் வினா எனக்குள் எழுந்தது. நடிகருக்கு மண் என்பது அவருடைய மொழிதான் என்றே எனக்குத் தோன்றுகிறது. பதினாறு ஆண்டுகள் உச்சரிப்புக்காக மட்டுமே அழைக்கப்பட்டவர், தம் மொழியில் ஒரு முழு மனிதராக மீண்டும் நடிக்க விரும்பியிருப்பார்.

அவ்விருப்பம் நிறைவேறவும் செய்தது. நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்ட்டும் அமெரிக்காவில் புகலிடம் பெற்றிருந்து ஜெர்மனி திரும்பியவர். அவருடைய ‘திருவாளர் புந்திலாவும் அவருடைய ஆள் மாட்டியும்’ என்னும் நாடகத்தில் புந்திலா வேடத்தைப் போய்ஸ் ஏற்றார். மது அருந்தியிருக்கும்போது அன்பே உருவாகவும், தெளிந்ததும் இரக்கமற்ற முதலாளியாகவும் மாறும் பெருநிலக்கிழார் அவர். ஒரே உடலில் இரு மனிதர்! சிறு வேடங்களில் ஆண்டுக்கணக்காகச் சேர்த்து வைத்த நுட்பங்களையெல்லாம் அவர் அங்கே செலவிட்டார். 1960-இல் வெளிவந்த அதன் திரைவடிவத்திலும் அவரே புந்திலா.

திரும்பியவருக்கும் வீடு முழுதாகக் கிடைக்கவில்லை. நகரம் கிழக்கு, மேற்கு எனப் பிளந்து கிடந்தது. போய்ஸ் முதலில் கிழக்கிலும் பின்னர் மேற்கிலும் வாழ்ந்தார். 1961-இல் இரண்டுக்கும் நடுவே சுவர் எழுந்தது.

எண்பது வயதில் அவர் நடித்த படம் ஒன்று அவருடைய வாழ்வையே அவர்முன் நிறுத்துவது போன்றது. மார்குஸ் இம்ஹோஃப் இயக்கிய அந்தச் சுவிட்சர்லாந்துப் படத்தின் பெயருக்கு ‘படகு நிரம்பிவிட்டது’ என்று பொருள். போர்க்காலத்தில் சுவிஸ் அமைச்சர் ஒருவர் தம் நாட்டை இடமில்லாத மீட்புப் படகுக்கு ஒப்பிட்டுப் பேசியதிலிருந்து பிறந்த பெயர் அது. 1942-இல் எல்லை தாண்டி வந்த சில அகதிகள் ஒரு சிற்றூர் விடுதியில் தஞ்சம் புகுகின்றனர். குழந்தையுள்ள குடும்பமென்றால் தங்க இடம் கிடைக்கும் என்பதால், ஒருவரையொருவர் அறியாத அவர்கள் ஒரே குடும்பமாக நடிக்கின்றனர். அவர்களுள் முதியவராக வருபவர் போய்ஸ். உயிர் பிழைக்க வேடம் போடும் மனிதராக, வேடம் போட்டே உயிர் வாழ்ந்த மனிதர் நடித்தார். அந்த நடிப்பு ஊராரிடம் நெடுநாள் செல்லவில்லை. அவர்களுள் பெரும்பாலோர் எல்லைக்கு அப்பால் திருப்பி அனுப்பப்படுகின்றனர். 1981-இல் வெளிவந்த அப்படம் பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக் கரடி விருது பெற்றது.

காணாமற்போன சதுக்கம்

இளைய நடிகர்கள் இருவர் அவரை மறக்கவில்லை. புரூனோ கான்ஸ், ஓட்டோ சாண்டர் ஆகிய இருவரும் இணைந்து, கூர்ட் போய்ஸ், பெர்ன்ஹார்ட் மினெட்டி என்னும் இரு முதுபெரும் நடிகர்களைப் பற்றி 1982-இல் ஓர் ஆவணப்படம் எடுத்தனர். அதற்கு அவர்கள் இட்ட பெயர் ‘நினைவு’. ஐந்தாண்டுகள் கழித்து விம் வெண்டர்ஸின் படத்தில் அவ்விருவரும் பெர்லினின் மேலே உலவும் வானவர்களாக நடித்தனர். மக்களின் மனத்துக்குள் ஓடும் எண்ணங்களைக் கேட்பவர்கள் அந்த வானவர்கள். அவர்கள் செவிமடுக்கும் முதியவராகப் போய்ஸ் வந்தார். பழங்கிரேக்கக் காப்பியக் கவியின் பெயரான ஹோமர் என்பதே அவ்வேடத்தின் பெயர்.

நூலகத்தில் அந்த முதியவர் ஆகஸ்ட் சாண்டர் எடுத்த ஒளிப்படங்களின் தொகுப்பைப் புரட்டுகிறார். உழவர், தொழிலாளர், சமையற்காரர் என எளிய மனிதர்களின் முகங்கள் அதில் நிறைந்திருக்கின்றன. போரைப் பாடுவது எளிதாயிருக்க, அமைதியைப் பாட ஒரு காப்பியம் ஏன் தோன்றவில்லை என்று அவர் தமக்குள் வினவிக்கொள்கிறார்.

பிறகு அவர் போட்ஸ்டாமர் பிளாட்ஸ் என்னும் சதுக்கத்தைத் தேடிச் செல்கிறார். போருக்கு முன் ஐரோப்பாவிலேயே நெரிசல் மிகுந்த நாற்சந்திகளுள் அது ஒன்று. 1924-இல் அங்கே போக்குவரத்து விளக்குக் கோபுரம் ஒன்றை நிறுவ வேண்டிய அளவுக்கு ஊர்திகள் ஓடின. குண்டுவீச்சில் கட்டடங்கள் தகர்ந்தன. எஞ்சியவையும் பின்னர் இடிக்கப்பட்டன. அதன் நடுவே சுவர் எழுந்தது. படத்தில் நாம் காண்பது களை மண்டிய வெற்றுநிலம். முதியவர் தடுமாறி நடக்கிறார். தாம் காப்பி அருந்திய ஜோஸ்டி உணவகம் இங்கேதானே இருந்தது என்று தேடுகிறார். இறுதியில் யாரோ எறிந்துவிட்டுப் போன பழைய சாய்வு நாற்காலியில் புல்லின் நடுவே அமர்ந்துவிடுகிறார். அவருக்குப் பின்னே வானவர் ஒருவர் ஓசையின்றி நிற்கிறார்.

இக்காட்சியில் போய்ஸ் நடித்தார் என்று சொல்வதா, நினைவுகூர்ந்தார் என்று சொல்வதா? 1920-களின் அந்தப் பெர்லினில் இளைஞராக ஆடிப் பாடியவர் அவர். படம்பிடித்தபோது அவருக்கு எண்பதைந்து வயது கடந்திருந்தது. காணாமற்போன சதுக்கத்தைத் தேட வேறு நடிகரை அழைத்திருந்தால், திறமையான நடிப்பைப் பார்த்திருப்போம். போய்ஸ் தேடியபோது நமக்கு அந்தச் சதுக்கமே தெரிந்தது.

1988-இல் மேற்கு பெர்லினில் முதன்முறையாக ஐரோப்பியத் திரைப்பட விருதுகள் வழங்கப்பட்டன. சிறந்த துணை நடிப்புக்கான விருது கூர்ட் போய்ஸுக்குக் கிடைத்தது. அடுத்த ஆண்டு நவம்பர் 9-ஆம் நாள் சுவர் வீழ்ந்தது. அதையும் கண்ட பிறகே, 1991 டிசம்பர் 25 அன்று, தாம் பிறந்த நகரிலேயே அவர் கண்மூடினார்.

நான் நின்ற இடம்

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு கருத்தரங்கிற்காகப் பெர்லின் சென்றிருந்தேன். ஓய்வு கிடைத்த முதல் மாலையில் போட்ஸ்டாமர் பிளாட்ஸுக்குப் போனேன். நிலத்தடித் தொடர்வண்டி நிலையத்திலிருந்து மேலே ஏறியதும் கண்ணாடிக் கட்டடங்கள் வானுயர நின்றன. களை மண்டிய நிலம் இல்லை, நாற்காலி இல்லை. பழைய விளக்குக் கோபுரத்தைப் போன்றே செய்த மாதிரி ஒன்றை அங்கே நிறுவியிருக்கிறார்கள். சுவர் சென்ற தடத்தைத் தரையில் பதித்த கற்களின் வரிசை காட்டுகிறது. அலுவலகம் முடிந்து செல்வோர் அதைக் குனிந்து பாராமலே கடந்து போய்க்கொண்டிருந்தனர்.

அந்த முதியவர் எங்கே அமர்ந்திருந்தார் என்று கணிக்க முயன்றேன். முடியவில்லை. அவர் தம் இளமையின் சதுக்கத்தைத் தேடினார், கிடைக்கவில்லை. நான் அவர் தேடிய வெற்றுநிலத்தைத் தேடினேன்; அதுவும் கிடைக்கவில்லை. ஓர் இடம் ஒரே நூற்றாண்டில் மூன்று முறை தன்னை அழித்து எழுதிக்கொண்டது. மூன்றையும் சேர்த்து வைத்திருப்பது ஒரு முகந்தான். அது இருப்பதும் படச்சுருளில்தான். நெடுநேரம் அங்கேயே நின்றிருந்தேன். கைபேசியில் படம் எடுத்துத் தருமாறு இளம் தம்பதியர் கேட்டனர். எடுத்துக் கொடுத்தேன். அவர்கள் மகிழ்ந்து நன்றி கூறிச் சென்றபின், என் சட்டைப்பையை நானே அறியாமல் தொட்டுப் பார்த்துக்கொண்டேன். தனியாகச் சிரித்தேன்.

அன்றிரவு அறையில் ஐயாவை நினைத்துக்கொண்டேன். அவர் இப்போது இல்லை. அன்று அவர் என்னை ஆற்றுவதற்காகச் சொல்லவில்லை. நாடகம் என்றால் என்னவென்று எனக்குக் கற்றுக்கொடுத்தார். அதைப் புரிந்துகொள்ள எனக்கு இத்தனை ஆண்டுகளும் பெர்லின்காரர் ஒருவரும் தேவைப்பட்டிருக்கிறார்கள். அவரிடம் மன்னிப்புக் கேட்கும் வாய்ப்பைத் தவறவிட்டேன். என் வசனத்திற்குரிய நொடியைத் தவறவிட்டதைப் போலவே.

சிறு வேடம் என்பதால் சிறுமை ஒன்றுமில்லை என்று சொல்வது எளிது. போய்ஸின் வாழ்வு அத்தனை எளிதான பாடமன்று. சிறு வேடங்களை அவர் விரும்பித் தேர்ந்தெடுக்கவில்லை. காலம் அவரை அங்கே தள்ளியது. தம்மைக் கீழே தள்ளிய காலத்தைக் காரணம் காட்டி அவர் தம் தொழிலில் குறை வைக்கவில்லை. பெயர் வராத காட்சியிலும் முழு மனிதர் ஒருவரைப் படைத்துவிட்டே அகன்றார். அந்த உண்மையுணர்வே எண்பது ஆண்டுகளுக்கு அவரைத் தாங்கியது.

இப்போதெல்லாம் படம் முடிந்ததும் நான் உடனே எழுவதில்லை. பெயர்கள் ஓடி முடியும்வரை இருக்கையில் அமர்ந்திருக்கிறேன். அப்பட்டியலிலும் இடம்பெறாத முகங்கள் உண்டு என்று அறிவேன். அவற்றுள் ஒன்றையேனும் நினைவில் ஏந்திக்கொண்டு வீட்டுக்குத் திரும்புகிறேன்.

கற்பவை கற்றபின்…

1. நீங்கள் பார்த்த திரைப்படம் ஒன்றில் ஓரிரு காட்சிகளில் மட்டும் தோன்றி உங்கள் மனத்தில் பதிந்த குணச்சித்திர வேடம் பற்றி வகுப்பறையில் உரையாற்றுக.

2. காட்சித்துண்டு ஒன்று அதன் இடத்திலிருந்து வெட்டப்பட்டு வேறு பொருளில் பரப்பப்படுவதால் விளையும் தீமைகளைக் குழுவில் கலந்துரையாடித் தொகுத்து எழுதுக.

3. உங்கள் ஊரில் முன்பு இருந்து இப்போது மறைந்துபோன ஓர் இடம் பற்றி மூத்தோரிடம் கேட்டறிந்து, ஒரு பக்க அளவில் கட்டுரை வரைக.